‘சம்ஸ்கார’ நாவலில் தனிமனிதனும் சமூகக் கட்டும்: ஒரு சமணப் பார்வை

முன்னுரை

கல்லூரியில் கால் வைக்காதவன் இலக்கியத் திறனாய்வு எழுதலாமா என்று சிலர் கேட்கக்கூடும். எழுதலாம் என்று மலர்க்குழுவினர் சொன்ன தைரியத்தில் எழுதுகிறேன். சிக்பேட்டையில் பாத்திரக் கடை வைத்திருப்பவன் நான். கன்னடம் பேசக் கற்றது வாடிக்கையாளர்களிடம். எழுத்துக் கூட்டிப் படிக்கக் கற்றது எங்கள் கடைக் கணக்குப்பிள்ளையிடம். அவென்யூ ரோடு நடைபாதையில் பழைய புத்தகம் வாங்கும் பழக்கம் அதன் பிறகு வந்தது. அப்படி வாங்கியதுதான் யு.ஆர். அனந்தமூர்த்தியின் ‘சம்ஸ்கார’. பதினைந்து ரூபாய்க்கு வாங்கிய அந்தப் பிரதி அட்டை கிழிந்து, கோந்து ஒட்டி, இன்றும் என்னிடம் இருக்கிறது.

‘தனிமனிதன்’ என்ற சொல்லை இப்போது எல்லாரும் சாதாரணமாகப் பயன்படுத்துகிறோம். ‘என் வாழ்க்கை, என் முடிவு’ என்று பிள்ளைகள் சொல்கிறார்கள். குடும்பம், சாதி, மடம், ஊர், சங்கம் ஆகியவை ஒரு பக்கம்; ‘நான்’ மறுபக்கம். இந்த இழுபறியை நம் நாட்டில் நவீன நாவலைப் போல ஆழமாகக் காட்டிய வடிவம் வேறில்லை என்பது என் எண்ணம். நாவல்களிலும் ‘சம்ஸ்கார’வைப் போல நேராகக் காட்டியது மிகச் சில. அதை ஒரு சமணன் படித்தால் என்ன தோன்றும் என்பதைச் சொல்வதே இக்கட்டுரையின் நோக்கம். குறை, நிறை இரண்டையும் சொல்கிறேன். ஒரு பொருளைப் பல கோணங்களில் பார்க்க வேண்டும் என்பது எங்கள் அநேகாந்தக் கொள்கை. ஆகவே ஆசிரியரைப் புகழ்வதோடு நிறுத்திக்கொள்வது என் சமயத்துக்கே பொருந்தாது.

நாவலின் பிறப்பு

‘சம்ஸ்கார’ 1965இல் வெளிவந்தது. அப்போது அனந்தமூர்த்தி இங்கிலாந்தில் பர்மிங்ஹாம் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டத்திற்கு ஆய்வு செய்துகொண்டிருந்தார். இங்மார் பெர்க்மனின் ‘ஏழாவது முத்திரை’ என்ற திரைப்படத்தை, தம் ஆய்வு வழிகாட்டியான மால்கம் பிராட்பரியுடன் பார்த்ததும், பின்னர் இருவரும் பேசியதும் இந்நாவலுக்குத் தூண்டுதல் என்று அவரே பலமுறை கூறியிருக்கிறார். அந்தப் படத்திலும் கொள்ளைநோய் உண்டு. கடவுளிடமிருந்து பதில் வராமல் தவிக்கும் மனிதன் உண்டு. நடுக்கால ஐரோப்பாவைப் பற்றிய படத்தைப் பார்த்துவிட்டு மலைநாட்டு அக்ரஹாரத்தை எழுதியிருக்கிறார். தூரம் போனால்தான் ஊர் முழுசாகத் தெரியும் போலிருக்கிறது. இது வெளியூரில் வாழும் நமக்கெல்லாம் தெரிந்த உண்மை.

1970இல் பட்டாபிராம ரெட்டி இதைப் படமாக எடுத்தார். கிரீஷ் கர்னாட் ஆசாரியராகவும், பி. லங்கேஷ் நாரணப்பாவாகவும், சிநேகலதா ரெட்டி சந்திரியாகவும் நடித்தனர். சென்னைத் தணிக்கைக் குழு முதலில் அனுமதி மறுத்தது. பின்னர் அனுமதி கிடைத்து, அந்த ஆண்டின் சிறந்த படத்திற்கான தேசிய விருதையே பெற்றது. 1976இல் நம் ஏ.கே. ராமானுஜன் ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தார். மைசூரில் பிறந்த தமிழர், கன்னட நாவலை ஆங்கிலத்திற்குக் கொண்டுபோனார் என்பதில் நமக்கும் சிறிது பெருமை உண்டு.

கதைச் சுருக்கம்

துர்வாசபுரம் என்பது மாத்வ பிராமணர்களின் அக்ரஹாரம். அங்கே பிராணேசாசாரியர் என்ற பெரிய பண்டிதர். காசியில் படித்தவர், நோயாளியான பாகீரதியைத் தெரிந்தே மணந்து, இருபது ஆண்டுகளாகப் பணிவிடை செய்து வருபவர். அதே தெருவில் நாரணப்பா. மது, மாமிசம், கோயில் குளத்து மீன், ஆற்றில் எறிந்த சாளக்கிராமம், வீட்டில் சந்திரி என்ற தாசி குலத்துப் பெண் என ஒன்று பாக்கியில்லை. அவனைச் சாதியை விட்டுத் தள்ளவும் முடியவில்லை. தள்ளினால் முஸ்லிமாக மாறி இங்கேயே குடியிருப்பேன் என்று மிரட்டி வைத்திருக்கிறான்.

அந்த நாரணப்பா சிவமொக்காவுக்குப் போய்விட்டுக் காய்ச்சலோடு வந்து செத்துப்போகிறான். அவனுக்குப் பிள்ளையில்லை. யார் கொள்ளி வைப்பது? உறவு முறையுள்ள கருடாசாரியரும் லட்சுமணாசாரியரும் ஒருவரை ஒருவர் கைகாட்டுகிறார்கள். பிணம் எடுக்கும்வரை தெருவில் யாரும் சாப்பிடக் கூடாது. சந்திரி தன் நகைகளைக் கழற்றிச் செலவுக்கு வைக்கிறாள். உடனே ‘மாட்டேன்’ என்றவர்களுக்கெல்லாம் ‘செய்தால் என்ன’ என்று தோன்றுகிறது. ஆசாரியர் ஓலைச்சுவடிகளைப் புரட்டுகிறார்; விடையில்லை. காட்டிலுள்ள மாருதி கோயிலில் பூ வாக்குக் கேட்கிறார், பூ விழவில்லை. திரும்பும் வழியில் இருட்டில் சந்திரியைச் சந்திக்கிறார், அவளோடு கூடுகிறார். ஊருக்கு வந்து எல்லாவற்றையும் சொல்லிவிடுவதாக அவளிடம் கூறியவர், விடிந்ததும் சொல்ல முடியாமல் நிற்கிறார்.

சந்திரியோ யாரையும் கேட்கவில்லை. அகமது பாரி என்ற மீன் வியாபாரியை அழைத்துவந்து இரவோடு இரவாகப் பிணத்தை எரித்துவிட்டு, குந்தாபுரத்துக்குப் போய்விடுகிறாள். இது தெரியாமல் அக்ரஹாரம் பட்டினி கிடக்கிறது. எலிகள் சாகின்றன. கழுகுகள் கூரையில் வந்து உட்காருகின்றன. அது கொள்ளைநோய். பாகீரதியும் இறக்கிறாள். அவளை எரித்துவிட்டு ஆசாரியர் கால்போன போக்கில் நடக்கிறார். வழியில் புட்டன் என்பவன் ஒட்டிக்கொள்கிறான். மேளிகே தேர்த் திருவிழா, காபிக் கடை, சேவல் சண்டை, தீட்டோடு கோயில் பந்தியில் உட்கார்தல் எல்லாம் நடக்கிறது. யாரோ அடையாளம் கண்டுகொண்டதும் எழுந்து ஓடுகிறார். கடைசியில் ஊருக்கே திரும்பி உண்மையைச் சொல்வது என்று ஒரு வண்டியில் ஏறுகிறார். கதை அங்கே நின்றுவிடுகிறது.

சட்டம் ஏன் உறைந்தது

இந்நாவலைப் பற்றிப் பேசுபவர்கள் பெரும்பாலும் ஆசாரியரும் சந்திரியும் காட்டில் சந்திக்கும் இடத்துக்கே போய்விடுகிறார்கள். என்னைப் பிடித்து நிறுத்தியது வேறிடம். ‘பிணம் எடுக்கும்வரை சாப்பிடக் கூடாது’ என்ற அந்த ஒரு விதி.

இந்த விதியை ஏற்படுத்தியவன் முட்டாள் அல்லன். யோசித்துப் பாருங்கள்: ஒரு தெருவில் சாவு விழுந்தால் அண்டை வீட்டார் தங்கள் வேலையைப் பார்த்துக்கொண்டு போய்விடக் கூடாது. எல்லார் அடுப்பும் அணைந்திருந்தால் எல்லாருக்கும் பசிக்கும். பசித்தால் எல்லாரும் ஓடிவந்து காரியத்தை முடிப்பார்கள். அனாதைப் பிணமாக ஒருவரும் கிடக்கக் கூடாது என்பதற்காகவே வயிற்றைப் பணயம் வைத்த விதி அது. மிகவும் கருணையான ஏற்பாடு என்றே சொல்வேன்.

துர்வாசபுரத்தில் அதே விதி தலைகீழாக வேலை செய்கிறது. பசி வந்ததும் பிணத்தின்மேல் கோபம் வருகிறது. ‘செத்தும் கெடுத்தான்’ என்ற எரிச்சல் வருகிறது. செத்தவனுக்காக ஏற்பட்ட விதி, செத்தவனையே மறக்கடித்து, விதியைக் காப்பாற்றுவது எப்படி என்ற பேச்சாக முடிகிறது. சமூகக் கட்டு என்பது எப்படிக் கெட்டுப்போகிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான பாடம் இல்லை. கட்டு வெளியிலிருந்து வந்த எதிரியால் உடைவதில்லை. தன் நோக்கத்தை மறந்து, தன்னையே நோக்கமாக வைத்துக்கொள்ளும்போது உள்ளேயே செத்துப்போகிறது. நாவலில் அழுகுவது நாரணப்பாவின் உடல் மட்டுமன்று.

தாசாசாரியர் என்ற ஒரு சிறு பாத்திரம் இருக்கிறார். திதிச் சாப்பாட்டை நம்பியே பிழைப்பவர். பசி தாங்காமல் பக்கத்து ஊர்ப் பாரிஜாதபுரத்துக்குப் போய், தாங்கள் கீழாக மதிக்கும் ஸ்மார்த்தர் வீட்டில் இரகசியமாகச் சாப்பிட்டுவிடுகிறார். திறனாய்வாளர்கள் இவரைக் கோமாளி என்று தாண்டிப் போகிறார்கள். எனக்கென்னவோ நாவலில் மிக முக்கியமானவர் இவர்தான். எந்தக் கட்டும் ஆசாரியர்களால் நிற்பதில்லை, தாசாசாரியர்களால் நிற்கிறது. மறைவில் மீறுவான், வெளியில் தலையாட்டுவான். நம்மில் பலர் அவர்தான். நான் யார் என்று பின்னால் சொல்கிறேன்.

நாரணப்பா விடுதலை பெற்றவனா?

நாரணப்பாவை நவீன மனிதன், புரட்சிக்காரன் என்று சிலர் எழுதுகிறார்கள். நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். உண்மையிலேயே விடுதலை வேண்டுமென்றால் அவன் சந்திரியோடு சிவமொக்காவில் போய்க் குடியிருந்திருக்கலாம், பெங்களூருக்கே வந்திருக்கலாம். அவன் போகவில்லை. அக்ரஹாரத்துக்கு நடுவில் உட்கார்ந்துகொண்டுதான் மாமிசம் சாப்பிட வேண்டும் அவனுக்கு. பார்க்க ஆளில்லாத இடத்தில் அவன் மீறலுக்கு விலையில்லை.

வியாபாரக் கணக்கில் சொன்னால், ஒருவன் வரவு மற்றவன் பற்று. ஆசாரியரின் புண்ணியம் நாரணப்பாவின் பாவத்தால் ஒளிர்கிறது. நாரணப்பாவின் வீரம் ஆசாரியரின் ஒழுக்கத்தால் நிற்கிறது. எதிர்ப்பவனும் எதிர்க்கப்படுவதும் ஒரே பேரேட்டில் எழுதப்பட்டவர்கள். கட்டை மீறுவதையே தொழிலாக வைத்துக்கொண்டவன் கட்டுக்கு வெளியே வந்தவன் அல்லன். ‘எனக்கு எந்தச் சடங்கும் வேண்டாம்’ என்று கத்துகிற சிலர், அடுத்தவன் சடங்கு செய்கிற அன்றுதான் அதிகமாகக் கத்துவதை நாம் பார்த்திருக்கிறோம்.

ஆசாரியரின் நிலையும் இதுவே. நோயாளி மனைவிக்குப் பணிவிடை செய்வது அவருக்குத் தவம். ஆனால் அந்தத் தவத்தில் பாகீரதி எங்கே? அவள் ஒரு கருவி. அவர் மோட்சத்துக்கு ஏறும் ஏணி. தியாகம் என்ற பெயரில் வளர்ந்த அகங்காரம் அது. சந்திரியைத் தொட்ட அன்றுதான் முதன்முதலாக ஒரு மனித உடல் அவருக்கு மனித உடலாகத் தெரிகிறது. திரும்பி வந்து மனைவியைப் பார்க்கும் கண்ணும் மாறிவிடுகிறது. இந்த இடத்தை அனந்தமூர்த்தி இரக்கமில்லாமல் எழுதியிருக்கிறார். அந்த இரக்கமின்மை தேவையா என்று எனக்குச் சந்தேகம் உண்டு.

நைபாலின் குற்றச்சாட்டு

1977இல் வி.எஸ். நைபால் இந்தியாவைப் பற்றி எழுதிய நூலில் இந்நாவலை விரிவாக எடுத்துக்கொண்டார். உளவியலாளர் சுதிர் கக்கரின் கருத்துகளையும் துணைக்கு வைத்துக்கொண்டு அவர் சொன்னதன் சாரம்: இந்திய மனிதனுக்குச் சாதி, குலம், சடங்கு ஆகியவைதான் அடையாளம்; அவற்றை எடுத்துவிட்டால் உள்ளே ‘நான்’ என்று நிற்பதற்கு ஒன்றுமில்லை; ஆசாரியர் ஒருமுறை தவறியதும் நிலைகுலைந்து அலைவதே அதற்குச் சான்று.

முதலில் படித்தபோது எனக்குக் கோபம் வந்தது. பிறகு, பாதி உண்மை என்று தோன்றியது. இப்போது என் கருத்து இது. கட்டு அவிழ்ந்ததும் மனிதன் தடுமாறுவது இந்தியனுக்கு மட்டும் உரியதன்று. ஆசாரியர் தடுமாறுகிறார் என்பதனாலேயே உள்ளே ஒன்றும் இல்லை என்றாகாது. ஒன்றுமில்லாதவன் தடுமாற மாட்டான். வேறொரு கட்டைத் தேடி ஒட்டிக்கொள்வான். ஆசாரியர் அப்படிச் செய்யவில்லை. மேளிகேயில் அவரைப் பெரும்பாலோருக்குத் தெரியாது. இன்னொரு பெயரோடு வாழலாம். புட்டனும் அதற்கு வழிகாட்டுகிறான். அதை விட்டுவிட்டு, அவமானம் நிச்சயமாகக் காத்திருக்கிற ஊருக்கே திரும்புவது என்று தீர்மானிக்கிறாரே, அந்தத் தீர்மானத்தை எடுத்தது யார்? சாதியா, மடமா? அதுதான் அவருடைய ‘நான்’. பிறந்து சில நாட்களே ஆன குழந்தை. நைபால் அதனிடம் மீசை எங்கே என்று கேட்கிறார்.

இரண்டு நயங்கள்

எங்கள் வந்தவாசிக்கு அருகே பொன்னூர் மலை இருக்கிறது. ஆசாரிய குந்தகுந்தர் தவம் செய்த இடம் என்பது எங்கள் மரபு. அவருடைய ‘சமயசார’த்தில் இரண்டு நயங்கள் பேசப்படுகின்றன: நிச்சய நயம், வியவகார நயம். நிச்சய நயத்தில் ஆன்மா தூய அறிவு மட்டுமே. அதற்குக் குலமில்லை, நிறமில்லை, ஆண் பெண் இல்லை. வியவகார நயத்தில் அவன் இன்னார் மகன், இன்ன ஊர், இன்ன தொழில். பிற மொழிக்காரனுக்கு அவன் மொழியில் சொன்னால்தான் புரியும் என்பது போல, வியவகாரத்தின் துணையில்லாமல் உண்மையை உபதேசிக்க முடியாது என்கிறார் குந்தகுந்தர். அதே சமயம், வியவகாரத்தையே உண்மை என்று பிடித்துக்கொள்ளாதே என்றும் எச்சரிக்கிறார்.

சமூகக் கட்டு என்பது ஒரு மொழி. மொழியில்லாமல் பேச முடியாது. ஆனால் மொழியே பொருளாகிவிடாது. துர்வாசபுரத்தார் மொழியைப் பொருளென்று நினைத்தார்கள். நாரணப்பா மொழியைக் கிழித்தால் பொருள் கிடைத்துவிடும் என்று நினைத்தான். நைபாலோ மொழி போனதும் பேசுபவனே இல்லை என்றார்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். எங்கள் சமயத்தில் வீட்டை விட்டுப் போகிறவனுக்கு ஒரு கதவு இருந்தது: துறவு. ஆனால் அந்தக் கதவைத் திறந்தால் அந்தப் பக்கமும் ஒரு சங்கம், குரு, விதிகள். மணிமேகலை தாசி குலத்தை விட்டுப் போனாள். போய்ச் சேர்ந்தது பௌத்த அறத்துக்குள். சீவகன் அரசை விட்டுப் போனான். போய்ச் சேர்ந்தது சமணத் துறவுக்குள். ஒரு வீட்டிலிருந்து இன்னொரு வீடு. பிராணேசாசாரியருக்குப் போய்ச் சேர இன்னொரு வீடு இல்லை. காடு இல்லை, ஆசிரமம் இல்லை, திருவிழாக் கடைத்தெருதான். இந்த இடத்தில்தான் அவர் பழைய காவிய நாயகர்களிடமிருந்து பிரிந்து நவீன மனிதராகிறார். அவருக்கு மிஞ்சியது ஒரு மாட்டு வண்டிப் பயணம் மட்டுமே.

பெண்களின் ‘நான்’

நாவலின் பெருங்குறை பெண்கள். ஆண்கள் எல்லாரும் பக்கம் பக்கமாகச் சிந்திக்கிறார்கள். பாகீரதி நோயாளி, சந்திரி அழகி, பிராமணப் பெண்கள் நகைக்கு ஆசைப்படுகிறவர்கள். சந்திரியின் மனத்துக்குள் ஆசிரியர் போவது மிகக் குறைவு. ஆனால் பாருங்கள், செய்ய வேண்டிய காரியத்தைச் செய்தவள் அவள் ஒருத்தியே. ‘எரிக்கணும், எரிச்சாச்சு.’ அவளுக்கு வேதாந்தம் தேவைப்படவில்லை. கூட வாழ்ந்தவனுக்குச் செய்யும் கடன் என்று நினைத்தாள். அகமது பாரியும், நாரணப்பா தனக்கு மாடு வாங்கப் பணம் கொடுத்ததை மறக்காமல் வந்தான். அத்தனை பண்டிதர்களும் விடை தேடிய கேள்விக்கு நன்றி என்ற ஒரு சொல்லில் விடை இருந்தது. ஆசிரியர் இதை அறிந்தே வைத்தாரா, தற்செயலா என்று என்னால் தீர்மானிக்க முடியவில்லை.

அதே 1965இல் எஸ்.எல். பைரப்பாவின் ‘வம்சவிருட்ச’மும் வந்தது. நஞ்சன்கூட்டு சீனிவாச சுரோத்திரியின் மகன் கபிலை ஆற்றில் மூழ்கி இறக்கிறான். விதவை மருமகள் காத்தியாயினி மைசூருக்குப் படிக்கப் போய், ராஜாராவைக் காதலித்து மணக்கிறாள்; குழந்தையை மாமனாரிடமே விட வேண்டியிருக்கிறது. அவளுக்குப் பைரப்பா ஒரு முழு ‘நான்’ கொடுத்திருக்கிறார். ஆசை, வாதம், குற்றவுணர்வு எல்லாம் கொடுத்திருக்கிறார். ஆனால் பின்னர் கருச்சிதைவும் நோயும் மரணமும் கொடுத்து வட்டியோடு வசூலித்தும் விடுகிறார். கட்டை மீறியவளை ஊர் தண்டிக்கவில்லை, ஆசிரியரே தண்டித்துவிட்டார் என்பது என் மனத்தாங்கல். அதே பைரப்பா, சுரோத்திரியே தாம் நம்பிய வம்சத்தில் பிறந்தவர் அல்லர் என்ற உண்மையைக் கடைசியில் வைத்து, மரத்தின் வேரையே ஆட்டிவிடுகிறார். ஒரே ஆண்டில், ஒரே மொழியில், ஒரே கேள்விக்கு இரண்டு விடைகள். இரண்டையும் சேர்த்துப் படிக்க வேண்டும் என்பது என் வேண்டுகோள். ஒன்றை மட்டும் படித்தால் ஒரு நயம்தான் கிடைக்கும்.

என் சொந்தக் கணக்கு

இதுவரை எழுதியதை எந்தப் பேராசிரியரும் இன்னும் நன்றாக எழுதுவார். நான் எழுதத் துணிந்ததன் காரணம் வேறு.

என் பெரியப்பா மகன் ஒருவர் எனக்கு முன்பே பெங்களூர் வந்தவர். எனக்குத் தொழில் பழக்கியவரும் அவர்தான். எங்கள் சமூகத்துக்கு வெளியே ஒரு பெண்ணை மணந்துகொண்டார். நாங்கள் சிறிய சமூகம். ஒருவர் வெளியே போனாலும் மரத்தில் கிளை ஒடிந்த மாதிரி அலறுவோம். ‘அவங்க வீட்ல கவுச்சி சமைக்கிறாங்களாம்’ என்று பேச்சு வந்தது. கண்ணால் பார்த்தவர் எவருமில்லை. இங்குள்ள எங்கள் உறவின்முறைக் கூட்டத்தில் அப்போது நான் பொருளாளர். சந்தாப் புத்தகத்தில் அவர் பெயரைச் சிவப்பு மையால் அடித்தவன் நான்தான். அடிக்கச் சொல்லி யாரும் வற்புறுத்தவில்லை. ‘ரூல்னா ரூல்தானே’ என்றேன்.

1996இல் ஒரு காலை நேரம் அவர் மாரடைப்பில் போய்விட்டார். பிள்ளைகள் இல்லை. செய்தி கேட்டு ஏழெட்டுப் பேர் போனோம். வாசல்வரை போகவில்லை; தெருமுனையில் நின்றோம். யார் கொள்ளி வைப்பது, நம் முறைப்படி செய்யலாமா கூடாதா என்று பேச்சு. ஊருக்கு எஸ்.டி.டி. போட்டுப் பெரியவர் ஒருவரைக் கேட்டோம். ‘நீங்க பாத்துச் செய்ங்க’ என்றார். பார்த்துச் செய்வது என்றால் யார் பார்ப்பது, யார் செய்வது? ஒருவர் டீ குடிக்கப் போனார். இன்னொருவர் கடை திறக்க வேண்டும் என்றார். மூன்று மணி சுமாருக்கு, அவர் கடையில் மூட்டை இறக்குகிற ஆட்கள் நான்கு பேர் வந்து பாடை கட்டினார்கள். அவர் மனைவியே சுடுகாடுவரை போய்க் கொள்ளி வைத்தார்களாம். நாங்கள் தெருமுனையில் நின்று கைகூப்பினோம்.

எங்கள் சித்தாந்தப்படி உயிர் உடலை விட்டதும் சில சமயங்களுக்குள், கண்ணிமைப்பதற்கும் முன்னால், அடுத்த பிறவிக்குப் போய்விடுகிறது. நாம் செய்யும் சடங்குக்காக அது காத்திருப்பதில்லை. ஆகவே கொள்ளி யார் வைத்தால் என்ன என்பதே எங்கள் சமயம் சொல்ல வேண்டிய விடை. அந்த விடை தெரிந்த ஒருவன், உபவாசமும் பாராயணமும் குறைவில்லாமல் செய்கிற ஒருவன், அன்று அந்தத் தெருமுனையில் நின்றுகொண்டிருந்தான். துர்வாசபுரத்தாருக்காவது சாஸ்திரத்தில் விடையில்லை என்ற சமாதானம் இருந்தது. எனக்கு அதுவும் இல்லை.

அதற்கு ஆறேழு மாதம் கழித்துத்தான் ‘சம்ஸ்கார’ கையில் கிடைத்தது. பாதியில் மூடிவைத்துவிட்டேன். ஆசாரியரையும் நாரணப்பாவையும் பற்றி ஊரே பேசுகிறது. திண்ணையில் உட்கார்ந்து ஒருவரை ஒருவர் கைகாட்டினார்களே, அவர்களில் ஒருவன் நான் என்று எனக்குத் தெரிந்துபோயிற்று.

முழுவதும் படித்து முடித்த வாரத்தில், கடை அடைத்துவிட்டு அந்த அம்மாவின் வீட்டுக்குப் போனேன். என்ன பேசுவது என்று தெரியவில்லை. ‘வாங்க தம்பி’ என்று பாய் போட்டார்கள். ‘இருங்க, ரெண்டு தோசை ஊத்தறேன்’ என்று எழுந்தார்கள். இருட்டிவிட்டிருந்தது. பொழுது சாய்ந்தபின் நான் உண்பதில்லை. சின்ன வயதிலிருந்து விரதம். ‘வேணாங்க அண்ணி, ராத்திரி நான் சாப்பிடறதில்லை’ என்றேன். சொன்னதும் எனக்கே சுருக்கென்றது. இவர்கள் வீட்டில் உண்ண மாட்டேன் என்று சொல்கிறேன் என நினைத்துக்கொள்வார்களோ என்று வாய் உலர்ந்தது.

அந்த அம்மா நின்று என்னைப் பார்த்தார்கள். ‘உங்க அண்ணனும் அப்படித்தான். கடையிலேருந்து ஓடி வருவாரு, வெளக்கு வெக்கறதுக்குள்ள சாப்புடணும்னு. கடசி நாள் வரைக்கும் அதை விடல. இந்த வீட்ல அவரு வந்த நாள்லேருந்து நானும் கவுச்சி தொட்டதில்ல’ என்றார்கள்.

நான் புத்தகத்தில் அடித்த மனிதர், எந்தச் சங்கமும் பார்க்காத இடத்தில், எந்தச் சந்தாவும் கட்டாமல், விரதத்தைக் காத்து வந்திருக்கிறார். நைபாலுக்கு நான் சொல்லக்கூடிய பதில் இதைத் தவிர வேறொன்றுமில்லை. கட்டு கைவிட்ட பிறகும் உள்ளே நின்ற ‘நான்’ ஒன்றை எனக்குத் தெரியும். அது ஒரு கிழங்கு வெங்காயம் தொடாத, தராசில் ஏமாற்றாத வியாபாரி. அவரிடம் இருந்தது சமயம். என்னிடம் இருந்தது சந்தாப் புத்தகம்.

முடிவுரை

இதனால் சங்கமே வேண்டாம், கட்டே வேண்டாம் என்று சொல்ல வரவில்லை. ஊரை விட்டு வந்த நாம் இங்கே சங்கம் கட்டினோம். பிள்ளைகளுக்குத் தமிழ் சொல்லிக்கொடுத்தோம். வெளியூரில் சாவு வந்தால் நாலு பேர் வர வேண்டும் என்றுதான் முதலில் கூடினோம். அந்த நோக்கம் துர்வாசபுரத்து விதியைப் போலவே நல்ல நோக்கம். அதைப் போலவே கெட்டுப்போகவும் கூடியது. யார் உறுப்பினர், யார் இல்லை, யார் பெயர் மலரில் முதலில் வர வேண்டும் என்ற பேச்சு, ‘யார் வீட்டில் சாவு’ என்ற பேச்சைவிட நீளும் அன்று நாம் கவலைப்பட வேண்டும்.

‘சம்ஸ்கார’ என்ற சொல்லுக்குச் சடங்கு, ஈமக்கடன், பண்படுதல், மனத்தில் படிந்த பழைய வாசனை எனப் பல பொருள்கள் உண்டு. ஆசிரியர் தலைப்பிலேயே எல்லாவற்றையும் வைத்திருக்கிறார். சடங்கு செய்பவன் பண்படாமல் போகலாம், சடங்கில்லாதவன் பண்பட்டிருக்கலாம். ஆசாரியர் ஊர் திரும்பி என்ன சொன்னார், ஊர் என்ன செய்தது என்பதை ஆசிரியர் சொல்லவில்லை. அது குறை என்று சிலர் கூறுவர். சொல்லியிருந்தால் நாம் புத்தகத்தை மூடிவிட்டு நிம்மதியாகத் தூங்கியிருப்போம் என்பது என் எண்ணம்.

அந்தப் பொருளாளர் பதவியிலிருந்து மறு ஆண்டே நான் விலகிக்கொண்டேன். விலகும் முன், பழைய சந்தாப் புத்தகத்தில் சிவப்பு மை அடித்திருந்த வரிக்குக் கீழே அவர் பெயரைத் திரும்ப எழுதி, பாக்கி முழுவதையும் என் கைப்பணத்திலிருந்து கட்டி ரசீது போட்டேன். செத்தவர் பெயரில் ரசீதா என்று புதிய பொருளாளர் கேட்டார். பேரேட்டில் பிழை இருந்தது, திருத்தினேன் என்றேன்.

பிழையிருப்பின் அறிஞர்கள் பொறுத்தருள வேண்டுகிறேன்.